ஹாப்பருக்குள் வைத்த குங்குமம்

2005 அக்டோபர் 13, வியாழக்கிழமை, காலை ஒன்பது மணி இருபது நிமிடம். விடியற்காலையிலிருந்து தூறிக்கொண்டிருந்த மழை அப்போதுதான் விட்டிருந்தது, வெயில் வரவில்லை. சிங்கப்பெருமாள் கோவிலைத் தாண்டி உள்ளே தள்ளி இருந்த எங்கள் மாத்திரைத் தொழிற்சாலையில், பொறுக்கும் மேசையின் மீது, வெள்ளை மாத்திரைகளுக்கு நடுவே சிவப்புப் புள்ளி வைத்த ஒன்றைப் பார்த்தேன்.

கடுகில் பாதிகூட இருக்காது அந்தப் புள்ளி. மேசையைச் சுற்றி மூன்று பெண்கள் உட்கார்ந்து உடைந்ததையும் மூளியானதையும் தனியே ஒதுக்கிக்கொண்டிருந்தார்கள். அவர்கள் கண்ணில் அது இன்னும் படவில்லை. நான் குனிந்து எடுத்தேன். அதற்குப் பக்கத்தில் இன்னொன்று. தட்டை லேசாகச் சாய்த்துப் பார்த்தேன், மூன்றாவது. மூன்றையும் இடது கைக்குள் வைத்து மூடிக்கொண்டேன்.

எனக்கு அப்போது அறுபத்தெட்டு வயது. பயப்படுவதில் நல்ல அனுபவம் உண்டு. ரயில் லெவல் கிராசிங், டாக்டர் முகம், ரிஜிஸ்தர் தபால் எல்லாவற்றுக்கும் பயப்படுகிறவன் நான். ஆனால் அன்று வந்தது வேறு வகைப் பயம். ஏனென்றால் அன்றைக்குப் பதினொரு மணிக்கு உயர் நீதிமன்றம் நியமித்த அட்வகேட் கமிஷனர் எங்கள் தொழிற்சாலையைப் பார்வையிட வர இருந்தார். அவர் கண்ணில் இதில் ஒன்று பட்டால் எங்கள் லைசென்ஸ் போயிற்று.

வழக்கைச் சொல்லிவிடுகிறேன். மருந்து தயாரிக்கும் இடம் எப்படி இருக்க வேண்டும் என்று அரசாங்கம் விதிகளை இறுக்கியிருந்தது. மாவு கலக்க ஓர் அறை, மாத்திரை அடிக்க ஓர் அறை, உடை மாற்ற ஓர் அறை, வடிகட்டிய காற்று, இரட்டைக் கதவு. எங்களுடையது இரண்டு ஹாலும் ஓர் ஆபீஸ் அறையும். பதினோரு பேர் வேலை செய்தார்கள். காய்ச்சல் மாத்திரை, வயிற்றுப்போக்கு மாத்திரை, வைட்டமின் மாத்திரை, அவ்வளவுதான் எங்கள் உலகம். மருந்து இன்ஸ்பெக்டர் வந்து அளந்துவிட்டுப் போனார். பதினைந்தாம் நாள் கடிதம் வந்தது: உற்பத்தியை நிறுத்தவும், லைசென்ஸ் புதுப்பிக்கப்பட மாட்டாது. கட்டடத்தை மாற்ற முப்பது லட்சம் ஆகும் என்றார் இன்ஜினியர். இரும்புலியூரில் நான் குடியிருந்த வீடு ஏற்கெனவே பேங்கில் அடமானத்தில் இருந்தது.

கூட்டாளி தாம்பரத்துக்காரர். மார்க்கெட் பக்கம் மருந்து மொத்த வியாபாரம் அவர்களுக்கு இரண்டு தலைமுறையாக. நான் அவரை பாய் என்பேன், அவர் என்னை சார் என்பார். தயாரிப்பது நான், விற்பது அவர். அந்தக் கடிதத்தைப் படித்துவிட்டு, "கோர்ட்டுக்குப் போவோம் சார். பெரிய கம்பெனிக்குப் போட்ட சட்டைய நமக்கு மாட்டினா எப்படி?" என்றார். அவர் சொன்னதே பிறகு எங்கள் ரிட் மனுவின் சாரமாகிவிட்டது. இடம் சிறியதாக இருந்தாலும் சுத்தமாக இருக்க முடியும், சதுர அடியை வைத்துச் சுத்தத்தை அளக்கக் கூடாது என்பது எங்கள் வாதம்.

பிரமாணப் பத்திரத்தில் ஒரு வரி என் பிடிவாதத்தால் சேர்ந்தது. "பத்தொன்பது வருடங்களில் எங்கள் மாத்திரைகளில் ஒருமுறைகூட அந்நியத் துகள் காணப்பட்டதில்லை." எங்கள் வக்கீல் அம்மா, "இவ்வளவு தூரம் போக வேணாம் சார், நல்ல முறையில் நடத்துகிறோம்னு பொதுவா போட்டுக்கலாம்" என்றார். நான் விடவில்லை. அது உண்மை. எண்ணிப் பார்த்தவன் நான். அந்த வரியைப் பார்த்துத்தான் நீதிபதி, "அப்படியா, போய்ப் பார்த்துவிட்டே வரட்டும்" என்று கமிஷனரை நியமித்தார். அதுவரை உற்பத்தி நடக்கலாம் என்று அந்தக் கடிதத்துக்கு இடைக்காலத் தடையும் கொடுத்தார்.

கைக்குள் மூன்று மாத்திரையோடு மெஷினிடம் போனேன். அது ஓடிக்கொண்டிருந்தது. கமிஷனர் வரும்போது மெஷின் ஓட வேண்டும் என்பது வக்கீல் அம்மாவின் உத்தரவு. மேலே ஹாப்பர், அதாவது மாவு கொட்டும் எவர்சில்வர் புனல். ஸ்டூலில் ஏறி எட்டிப் பார்த்தேன். மாவுக்குச் சற்று மேலே, புனலின் உள்சுவரில், சந்தனம் காய்ந்து வெடித்திருந்தது. அதன் நடுவில் இருந்த குங்குமத்தில் பாதியைக் காணோம்.

செவ்வாய்க்கிழமைதான் ஆயுத பூஜை. வருடா வருடம் பூஜை உண்டு. வாசல் நிலைக்கும், ஆபீஸ் மேசைக்கும், மெஷினின் கால்களுக்கும் பொட்டு வைப்போம். விஜயதசமியன்று ஸ்பிரிட் போட்டுத் துடைத்துவிட்டுத்தான் மெஷினை ஓட்டுவோம். பத்தொன்பது வருடமாக அப்படித்தான். மெஷின் ஆபரேட்டரைக் கூப்பிட்டேன். மறைமலைநகர் பக்கத்து ஆள், பன்னிரண்டு வருடமாக எங்களிடம் இருந்தவர்.

"இதைத் துடைக்கலையாப்பா?"

எட்டிப் பார்த்தார். "அது அம்மா வச்சது சார்."

"எந்த அம்மா?"

"நம்ம அம்மா சார். அன்னிக்கி ஸ்டூல் கேட்டு ஏறி, அவங்க கையால வச்சாங்க. வெளிய இருந்தது எல்லாம் தொடச்சிட்டேன் சார். கேஸு நடக்கசொல்ல அம்மா வச்ச குங்குமத்த எப்டி சார் அழிக்கறது? நல்லாவா இருக்கும்?"

அம்மா என்றால் என் மனைவி. என்னால் அவரைத் திட்ட முடியவில்லை. திட்டுவதற்கு முதலில் மூச்சு வர வேண்டும். மெஷினை நிறுத்து என்று சொல்ல வாயெடுத்தபோது வாசலில் கார் கதவு சாத்தும் சத்தம் கேட்டது.

கமிஷனருக்கு முப்பத்தைந்து வயதுக்குள்தான் இருக்கும். கறுப்புக் கோட்டைக் கையில் மடித்துப் போட்டிருந்தார், இன்னொரு கையில் குடை. பாய் முன்னால் ஓடி வரவேற்றுக்கொண்டிருந்தார்.

"பதினொண்ணுன்னு நோட்டீஸ் குடுத்திருந்தேன், சீக்கிரம் வந்துட்டேன் சார். பூஜை லீவு, ஜி.எஸ்.டி. ரோடே காலி. முதல்ல உங்க வேலையை முடிச்சுட்டு, நடை சாத்தறதுக்குள்ள நரசிம்மரைப் பார்த்துட்டுப் போகலாம்னு."

அரசாங்கத் தரப்பில் யாரும் வரவில்லை. இன்ஸ்பெக்டர் அறிக்கையே போதும் என்று எழுதிக் கொடுத்துவிட்டார்களாம். நான் வலது கையை மட்டும் நெஞ்சில் வைத்து வணங்கினேன். இடது கை மூடியே இருந்தது. பாய் என் முகத்தைப் பார்த்தார். பத்தொன்பது வருடப் பழக்கம், ஏதோ கெட்டுவிட்டது என்று புரிந்துகொண்டார். கமிஷனர் வாசலில் செருப்பைக் கழற்றும்போது என் பக்கத்தில் வந்து, உதடு அசையாமல், "என்ன சார்?" என்றார்.

"மெஷின் ஓடக் கூடாது, பாய்."

அவர் தலையாட்டிவிட்டுப் பின்பக்கம் நழுவினார். கமிஷனர் முதல் ஹாலில் ஜன்னல்களை எண்ணிக்கொண்டிருந்தார். ஆறு. நானும் கூடவே எண்ணினேன், அவர் தப்பாக எண்ணிவிடுவாரோ என்று அதற்கும் ஒரு பயம். திடீரென்று மின்விசிறிகள் தளர்ந்தன, விளக்கு அணைந்தது, உள்ளே மெஷின் முனகிக்கொண்டே நின்றது.

"கரன்ட் போச்சா?" என்றார் கமிஷனர்.

"மழை பெஞ்சா இந்தப் பக்கம் இதே பேஜாரு சார்," என்று பின்னாலிருந்து வந்தார் பாய். மெயின் சுவிட்ச் இருந்த பக்கத்திலிருந்துதான் அவர் வந்தார்.

"ஜெனரேட்டர் இல்லையா?"

"இல்ல சார்."

கமிஷனர் எழுதிக்கொண்டார். ஜன்னல் வெளிச்சத்திலேயே ஒவ்வொன்றாகப் பார்த்தார். மாவு கலக்கும் தொட்டி, சலிக்கும் ஜல்லடை, தரைக்கும் சுவருக்கும் நடுவில் இருந்த மூலை. விரலால் ஜன்னல் கட்டையைத் தடவிப் பார்த்தார், தூசி இல்லை. மெஷினைச் சுற்றி வந்தார். ஹாப்பரை நிமிர்ந்து பார்த்தார். நல்ல உயரம்தான், ஆனால் ஸ்டூல் பக்கத்திலேயே கிடந்தது. நான் போட்டது. ஏறிவிடுவார் என்று நினைத்தேன். ஆபரேட்டர் சட்டென்று அந்த ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டார். முதலாளியும் கமிஷனரும் நிற்கும்போது அவர் உட்கார்ந்ததை அதற்கு முன்பும் பின்பும் நான் பார்த்ததில்லை.

"முட்டி வலி சார்," என்றார்.

"பரவால்ல, உட்காருங்க," என்றார் கமிஷனர்.

கடைசியாகப் பொறுக்கும் மேசை. அவர் வருவதைப் பார்த்து மூன்று பெண்களும் எழுந்து நின்றார்கள். தட்டில் நாலாயிரம், ஐயாயிரம் மாத்திரை இருக்கும். அவர் கையை உள்ளே விட்டு அரிசியை அளைவதுபோல அளைந்தார். ஒரு பிடி அள்ளி ஜன்னலுக்கு நேரே பிடித்துப் பார்த்தார். விரலுக்கு இடையில் நாலைந்து நழுவித் தட்டில் விழுந்தன. சுவரில் இருந்த டைல்ஸை எண்ண ஆரம்பித்தேன், ஏழு வரை எண்ணினேன், எட்டு வரவில்லை. இன்னொரு பிடி அள்ளினார். மூன்றாவது பிடியும். பிறகு தட்டில் போட்டுவிட்டுக் கைக்குட்டையால் கையைத் துடைத்துக்கொண்டார்.

"நல்லா இருக்கு சார். சின்ன இடம்தான், ஆனா நல்லா வச்சிருக்கீங்க."

வாசலுக்கு வந்தோம். அவர் குடையை எடுத்துக்கொண்டு கை குலுக்க நீட்டினார். நான் பதற்றத்தில் இரண்டு கையையும் சேர்த்துக் கும்பிடப் போனேன். இடது உள்ளங்கை விரிந்துவிட்டது.

இத்தனை நேரம் வியர்வையில் ஊறிய மூன்று மாத்திரையும் கரைந்து குழைந்துபோயிருந்தன. கையெல்லாம் வெள்ளை, அங்கங்கே சிவப்புக் கீற்று.

கமிஷனர் பார்த்தார்.

"ஆயுத பூஜைப் பிரசாதமா சார்?" என்றார். "குடுங்க."

மோதிர விரலால் என் உள்ளங்கையில் தொட்டு, கண்ணை மூடி, நெற்றியில் இட்டுக்கொண்டார். காய்ச்சல் மாத்திரை அவர் புருவத்துக்கு நடுவில் வெள்ளையாக ஒட்டிக்கொண்டது. "கோவிலுக்குப் போகும்போது நெத்தி காலியா இருக்கேன்னு நினைச்சேன்" என்று சொல்லிவிட்டுக் காரில் ஏறினார்.

கார் திரும்பும் வரை பாய் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். பிறகு அங்கேயே படியில் உட்கார்ந்து, தோள் குலுங்கச் சிரித்தார். "கமிஷனருக்கு இனிமே தலைவலியே வராது சார்!" என்றார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. பின்பக்கக் குழாயடிக்குப் போய் வாந்தி எடுத்தேன்.

அந்த பேட்ச் அறுபதாயிரம் மாத்திரை. புதன்கிழமை மதியம் அடிக்க ஆரம்பித்தது. நல்லவேளை, ஒன்றுகூட வெளியே போகவில்லை. எல்லாம் டிரம்மில் இருந்தன. அன்று சாயங்காலம்தான் பாயின் வண்டி வருவதாக இருந்தது. எல்லோருமாக உட்கார்ந்து மூன்று மணி வரை பொறுக்கினோம். இன்னும் பதினான்கு கிடைத்தன.

"மொத்தம் பதினேழு. எடுத்தாச்சு. மிச்சத்த அனுப்பலாமா?" என்றார் பாய்.

"பதினேழு கிடைச்சுது பாய். எத்தனை இருந்துதுன்னு யாருக்குத் தெரியும்? உள்ளே அமுங்கிப் போனது கண்ணுக்குத் தெரியாது."

"குங்குமம்தானே சார்? விஷமா?"

"மஞ்சளும் சுண்ணாம்பும் சேர்த்து அரைச்சதுன்னா பரவாயில்லை. இது கடையில பொட்டலத்துல விக்கிறது. என்ன சாயம்னு எனக்குத் தெரியாது. சாயத்துல ஈயம் இருக்கலாம். காய்ச்சல்ல கிடக்கிற குழந்தைக்கு அரை மாத்திரை உடைச்சுக் குடுப்பாங்க."

அவருக்கு நாலு பேத்திகள். அவர் எழுந்துபோய் வண்டி வேண்டாம் என்று போன் செய்துவிட்டு வந்தார். அறுபதாயிரத்தையும் தண்ணீரில் கரைத்து அழித்தோம்.

வீட்டுக்கு ரயிலில் வந்தேன். காட்டாங்குளத்தூரில் கல்லூரிப் பிள்ளைகள் ஏறிச் சத்தம் போட்டுக்கொண்டு வந்தார்கள். எனக்கு ஒன்றும் காதில் விழவில்லை. மனைவி காபி கொடுத்துவிட்டு, "கமிஷனர் என்ன சொன்னார்?" என்றாள்.

"ஹாப்பருக்குள்ளே எதுக்குக் குங்குமம் வச்சே?"

"வெளியே வச்சா துடைச்சிடறாங்க," என்றாள். "உள்ளே வச்சா கேஸ் முடியற வரைக்கும் இருக்கும்னு பார்த்தேன். ஏங்க, வீடு பேங்க்ல இருக்கு. எனக்கு மட்டும் பயம் இருக்காதா?"

நடந்ததைச் சொன்னேன். முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். அதற்குப் பிறகு பல நாள் அவள் பூஜை அறையில் குங்குமச் சிமிழைத் திறக்கும்போதெல்லாம் என்னைத் திரும்பிப் பார்ப்பாள்.

கமிஷனர் அறிக்கை எங்களுக்குச் சாதகமாகவே வந்தது. சுத்தம் திருப்தி, மாத்திரைகளில் குறை ஏதும் காணப்படவில்லை, ஜெனரேட்டர் இல்லை. ஆனால் நீதிபதி விதியை ரத்து செய்யவில்லை. மருந்து விஷயத்தில் விதி போட அரசாங்கத்துக்கு அதிகாரம் உண்டு, இவர்கள் நன்றாக நடத்துவதால் ஆறு மாத அவகாசம் தருகிறேன், அதற்குள் கட்டடத்தை மாற்றிக்கொள்ளட்டும், அதுவரை உற்பத்தியைத் தடுக்க வேண்டாம் என்று தீர்ப்பு.

மேற்குத் தாம்பரத்தில் வக்கீல் அம்மாவின் மாடி ஆபீஸில் நாங்கள் இரண்டு பேரும் உட்கார்ந்திருந்தோம். வக்கீல் அம்மாவுக்கு உற்சாகம். "அப்பீல் போனா ஜெயிப்போம் சார். இப்படி ஒரு கமிஷனர் ரிப்போர்ட் யாருக்குக் கிடைக்கும்? விதியையே உடைக்கலாம். டிராஃப்ட் ரெடி, கையெழுத்து போடுங்க."

படித்தேன். ஒன்பதாவது பாரா. பத்தொன்பது வருடங்களில் எங்கள் மாத்திரைகளில் ஒருமுறைகூட அந்நியத் துகள் காணப்பட்டதில்லை. பேனாவைத் திறந்தேன், மூடினேன்.

"இந்த வரியை எடுத்துடலாமா மேடம்?"

"சார், நீங்கதானே அடம் பிடிச்சுப் போட வச்சீங்க? தீர்ப்புலேயே அந்த வரியைக் கோட் பண்ணியிருக்காங்க. இப்ப எடுத்தா, ஏன் எடுத்தீங்கன்னுதான் முதல் கேள்வியே வரும்."

முன்பு கையெழுத்துப் போட்டபோது அது உண்மை. இப்போது போட்டால் சத்தியம் செய்து சொல்லும் பொய். ஜெயிலுக்குப் பயந்தேனா என்று கேட்டால், ஆமாம், பயந்தேன். அதைவிட இன்னொன்றுக்கும் பயந்தேன். அரசாங்கம் கேட்ட அந்த உடை மாற்றும் அறையும் இரட்டைக் கதவும் இருந்திருந்தால், பட்டுப் புடவையும் மல்லிகைப் பூவுமாக என் மனைவி மெஷின்வரை போயிருக்க முடியாது. எந்த விதி எங்களுக்கு வேண்டாம் என்று கோர்ட் படி ஏறினேனோ, அது இல்லாத குறையால்தான் அறுபதாயிரம் மாத்திரையைக் கரைத்தேன். அடுத்த வருடமும் ஆயுத பூஜை வரும்.

"அப்பீல் வேண்டாம்," என்றேன்.

படி இறங்கி ரோட்டுக்கு வந்தோம். பாய் வெடித்தார். "பதினேழு மாத்திரைக்கு முப்பது லட்சமா சார்? பெரிய கம்பெனியில ஆயுத பூஜை போடறதில்லையா? பூசணிக்கா ஒடைக்கறதில்லையா?"

"கேட்டுக்கு வெளியே உடைப்பாங்க, பாய்."

"அன்னிக்கு நான் மெயின ஆஃப் பண்ணேனே, அது எதுக்கு? இப்படி நீங்களே கதவ சாத்தறதுக்கா?"

"நீங்க பண்ணலேன்னா அன்னிக்கே சாத்தியிருப்பாங்க. இப்ப ஆறு மாசம் இருக்கு."

அவர் பஸ் ஸ்டாண்டுப் பக்கம் பார்த்துக்கொண்டே நின்றார். ஊரப்பாக்கத்தில் நான் வாங்கிப் போட்டிருந்த அரை கிரவுண்டு மனையை விற்கிறேன், மிச்சத்துக்கு அவர் கடன் ஏற்பாடு செய்தால் போதும், வட்டியும் அசலும் என் பங்கு லாபத்திலேயே கழியட்டும் என்றேன். "உங்க பொண்டாட்டி வச்ச குங்குமம், அதனால உங்க பணம், கணக்கு சரிதான்," என்றார். அதைக் கோபமாகச் சொன்னாரா கேலியாகச் சொன்னாரா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. ஆனால் கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டது அவர்தான்.

கட்டடம் முடிந்து இன்ஸ்பெக்டர் மறுபடி அளக்க வந்த அன்று, டேப்பின் நுனியை நானே பிடித்துக்கொண்டேன். லைசென்ஸ் வந்தது. பதினோரு பேரும் இருந்தார்கள்.

அடுத்த ஆயுத பூஜைக்கு என் மனைவி வந்தாள். இரட்டைக் கதவுக்கு வெளியே நின்று, கண்ணாடி வழியாக மெஷினைக் கொஞ்ச நேரம் பார்த்தாள். பிறகு பின்பக்கம் போய், கொட்டகையில் இருந்த புது ஜெனரேட்டருக்குச் சந்தனம் தடவி, பெரிதாக ஒரு பொட்டு வைத்தாள். யாரும் துடைக்கவில்லை.

கட்டட வேலை, காற்று வடிகட்டும் சாதனம், ஜெனரேட்டர், வக்கீல் ஃபீஸ், கரைத்த மாத்திரை, எல்லாவற்றையும் கூட்டி, முந்தின வருடம் அவள் வாங்கிய குங்குமப் பொட்டலத்தின் மூன்று ரூபாயையும் சேர்த்தேன். இருபத்தொன்பது லட்சத்து எழுபத்தொன்பதாயிரத்து அறுநூற்று மூன்று ரூபாய்.